பிரைவேட் கீயை அனுப்பாதீர்கள், புதிதாக ஒன்று உருவாக்குங்கள்

ஒரு லேப்டாப்புக்கு ஒரு எஸ்எஸ்எச் கீ, அதாவது இன்னொரு கம்ப்யூட்டரோடு பாதுகாப்பாக இணையும்போது நாம் யாரென்று காட்டும் சாவி. அந்தக் கீ அந்த லேப்டாப்பிலேயே பிறக்க வேண்டும், அதிலேயே கிடக்க வேண்டும், லேப்டாப் கைமாறும்போது அதோடு ஒழிந்துபோக வேண்டும். நான் சொல்ல வருவது இவ்வளவுதான். ஆனால் இதைக் கேட்டுத் தலையாட்டிவிட்டு அடுத்த வாரமே வாட்ஸ்அப்பில் கீயை அனுப்புகிறவர்களை நிறையப் பார்த்துவிட்டேன், அதனால் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

நான் இருப்பது கோத்தகிரிப் பக்கம். 2020க்குப் பிறகு சென்னை, பெங்களூர், கோவை என்று வேலையில் இருந்தவர்கள் வீட்டுக்கு வந்து, அப்படியே இங்கிருந்தே வேலை பார்க்கப் பழகிக்கொண்டார்கள். அவர்களைப் பார்த்து இப்போது கல்லூரியில் படிக்கிற பிள்ளைகளும் கிட் (கோடில் யார் எதை மாற்றினார்கள் என்று பதிவு வைக்கும் கருவி), கிட்ஹப் (அந்தக் கோடை இணையத்தில் வைக்கும் இடம்) என்று கேட்டு வருகிறார்கள். எங்களில் சிலர் சேர்ந்து பச்சைத் தேயிலைக் கணக்குக்கு ஒரு சின்ன மென்பொருள் எழுதிக்கொண்டிருக்கிறோம். கொஞ்சமாகத் தோட்டம் வைத்திருப்பவர்கள் அன்றன்று பறித்த இலையை எடை போட்டுக் கொடுப்பது, மழை நாளில் ஈரத்துக்குக் கழிப்பது, மாதக் கடைசியில் ஃபேக்டரி கொடுக்கும் விலையை வைத்துத் தொகை போடுவது, நடுவில் வாங்கிய முன்பணத்தையும் உரக் கடனையும் கழிப்பது, இதெல்லாம் நோட்டில் எழுதி வந்ததைக் கம்ப்யூட்டருக்குக் கொண்டுவரும் வேலை. இதில் யாராவது ஒரு எழுத்தை மாற்றினால் ஒருவருடைய மாதக் கூலி மாறும். அதனால்தான் யார் எதை மாற்றினார்கள் என்பது எங்களுக்கு அவ்வளவு முக்கியம்.

சேர்ந்து வேலை செய்ய வந்த பக்கத்து வீட்டுப் பெண், முதல் நாளே கேட்டாள்: "அக்கா, உங்க கீ ஃபைலை வாட்ஸ்அப்ல போட்டுவிடுங்க, நான் அதை வச்சே புஷ் பண்ணிக்கிறேன்." புஷ் என்றால் நாம் மாற்றிய கோடை கிட்ஹப்புக்கு ஏற்றுவது. அவள் கேட்டதில் தப்பே இல்லை. அவளுடைய கல்லூரி புராஜெக்ட்டில் நாலு பேரும் அப்படித்தான் செய்தார்களாம். "நீயே ஒண்ணு உருவாக்கு, அரை நிமிஷ வேலை" என்றேன். "அப்போ ரெண்டு கீ ஆயிடுமே அக்கா, ரெண்டும் ரெப்போவைத் திறக்குமா?" என்றாள். திறக்கும். எத்தனை கீ வேண்டுமானாலும் ரெப்போவை, அதாவது கிட்ஹப்பில் எங்கள் கோடு இருக்கும் இடத்தை, திறக்கும். இந்த ஒரு விஷயம் பலருக்குத் தெரியாததால்தான் கீயை நகல் எடுத்துக் கொடுக்கும் பழக்கமே வந்திருக்கிறது என்று நினைக்கிறேன். ஒரு ரெப்போவுக்கு ஒரே கீதான் இருக்கும், அதை எல்லோரும் பங்கு போட்டுக்கொள்ள வேண்டும் என்று எண்ணிக்கொள்கிறார்கள். உண்மையில் ரெப்போவுக்குக் கீயே கிடையாது. ஆளுக்குத்தான் கீ. அந்த ஆளுக்கு அந்த ரெப்போவில் என்ன உரிமை என்று தனியாகக் கொடுக்கிறோம்.

கிட்ஹப்போடு எஸ்எஸ்எச் வழியாகப் பேசும்போது முகவரி எப்படி இருக்கும் என்று பாருங்கள். கிட் அட் கிட்ஹப் டாட் காம். அந்த "கிட்" என்பதுதான் பயனர் பெயர். எனக்கும் அதே பெயர், உங்களுக்கும் அதே பெயர், உலகத்தில் கிட்ஹப் பயன்படுத்தும் எல்லோருக்கும் அதே பெயர். வருகிறவர் யார் என்று அந்தப் பக்கத்து சர்வருக்குத் தெரிய வேறு வழியே இல்லை, கீயை மட்டும் வைத்துத்தான் ஆளை அடையாளம் காண்கிறது. என் கீ உங்கள் கையில் இருந்தால் அந்த சர்வரைப் பொறுத்தவரை நீங்கள்தான் நான். கமிட்டில், அதாவது கிட் பதிவு செய்யும் ஒவ்வொரு மாற்றத்திலும், வரும் பெயரைக் காட்டி "அதில் என் பெயர்தானே இருக்கிறது" என்று சிலர் சொல்வார்கள். கமிட்டில் வரும் பெயரும் மின்னஞ்சலும் அவரவர் கிட் அமைப்பில் எழுதிக்கொள்வது, யார் பெயரை வேண்டுமானாலும் எழுதலாம், யாரும் சரிபார்ப்பதில்லை. புஷ் செய்தது எந்தக் கணக்கு என்பதுதான் சரிபார்க்கப்பட்ட விஷயம், அதை முடிவு செய்வது கீ.

சரி, உள்ளே என்ன நடக்கிறது? கீ உருவாக்கும்போது இரண்டு ஃபைல் வரும். ஒன்று பிரைவேட் கீ, இன்னொன்று அதே பெயரில் கடைசியில் டாட் பப் என்று முடியும் பப்ளிக் கீ. பப்ளிக் கீயை கிட்ஹப் கணக்கில் ஒட்டுகிறோம். நாம் புஷ் செய்யும்போது முதலில் நம் மெஷினும் சர்வரும் தங்களுக்குள் ஒரு ரகசியத் தடத்தை அமைத்துக்கொள்கின்றன. அந்த இணைப்புக்கென்றே ஒரு அடையாள எண் உருவாகிறது, ஒவ்வொரு இணைப்புக்கும் அது வேறு. நம் மெஷின் அந்த எண்ணையும் கூடச் சில விவரங்களையும் சேர்த்து பிரைவேட் கீயால் கையெழுத்துப் போட்டு அனுப்புகிறது. சர்வர் தன்னிடம் இருக்கும் பப்ளிக் கீயை வைத்து அந்தக் கையெழுத்து சரியா என்று பார்க்கிறது, அவ்வளவுதான். பிரைவேட் கீ நம் டிஸ்க்கை விட்டு நகரவே இல்லை. அந்தக் கையெழுத்தை யாராவது எப்படியோ பிடித்து வைத்துக்கொண்டாலும் அடுத்த இணைப்பின் எண் வேறாக இருப்பதால் அது செல்லாது.

பாஸ்வேர்டில் அப்படி இல்லை. அங்கே ரகசியத்தையே எதிராளியிடம் கொடுக்கிறோம், ஒவ்வொரு முறையும். எதிராளி நல்லவரா என்பது நம் கையில் இல்லை. எஸ்எஸ்எச் பிறந்ததே இந்தக் கவலையில்தான். 1995இல் ஹெல்சிங்கி தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தின் நெட்வொர்க்கில் யாரோ ஒட்டுக்கேட்டு பாஸ்வேர்டுகளை அள்ளிவிட்டார்கள், அதற்குப் பிறகு அங்கிருந்த டாட்டு யுலோனன் என்பவர் எழுதியதுதான் முதல் எஸ்எஸ்எச். அதுவரை டெல்நெட், எஃப்டிபி போன்ற பழைய இணைப்பு முறைகள் எல்லாவற்றிலும் பாஸ்வேர்ட் அப்படியே வெறும் எழுத்தாகக் கம்பியில் போய்க்கொண்டிருந்தது. போர்ட் என்பது சர்வரில் ஒவ்வொரு சேவைக்கும் உள்ள கதவு எண். எஃப்டிபியின் போர்ட் 21, டெல்நெட்டின் போர்ட் 23, நடுவில் காலியாக இருந்த 22ஐக் கேட்டு வாங்கினார். இன்று நாம் எல்லோரும் பயன்படுத்துவது பெரும்பாலும் ஓபன்பிஎஸ்டி என்ற இயங்குதளத்தின் குழு 1999இல் கொண்டுவந்த ஓபன்எஸ்எஸ்எச். கிட்ஹப்பும் 2021 ஆகஸ்ட் 13லிருந்து கிட் வேலைகளுக்குக் கணக்கின் பாஸ்வேர்டை ஏற்பதை நிறுத்திவிட்டது. ஒன்று டோக்கன் (பாஸ்வேர்டுக்குப் பதிலாக கிட்ஹப் உருவாக்கித் தரும் நீண்ட எழுத்துச் சரம்), இல்லை எஸ்எஸ்எச் கீ.

டோக்கன் மோசம் என்று சொல்ல மாட்டேன். அதற்குக் காலாவதி வைக்கலாம், இந்த ரெப்போ மட்டும், படிக்க மட்டும் என்று சுருக்கிக் கொடுக்கலாம். நம் சொந்தக் கணக்கில் சேர்க்கும் எஸ்எஸ்எச் கீயில் அந்த வசதி இல்லை, நாம் எதையெல்லாம் தொடலாமோ அதையெல்லாம் அந்தக் கீயும் தொடும். ஆனால் டோக்கனும் பாஸ்வேர்ட் மாதிரி ஒவ்வொரு முறையும் அனுப்பப்படுகிற ஒரு சரம்தான். நடைமுறையில் அதை மக்கள் எங்கே வைக்கிறார்கள் என்றால், ரெப்போ முகவரிக்குள்ளேயே சொருகி வைக்கிறார்கள், நோட்பேடில் வைக்கிறார்கள், தனக்குத்தானே வாட்ஸ்அப் செய்து வைக்கிறார்கள். தினமும் ஒரே மெஷினில் உட்கார்ந்து வேலை பார்க்கிறவருக்கு எஸ்எஸ்எச் கீதான் நல்லது என்பது என் கருத்து.

உருவாக்குவது சுலபம். கட்டளை அடிக்கும் திரையான டெர்மினலில் எஸ்எஸ்எச்-கீஜென் என்று அடித்து, -டி போட்டு வகையாக இடி25519 கொடுங்கள், பெரிய சி போட்டு ஒரு குறிப்பு கொடுங்கள். குறிப்பில் மின்னஞ்சலைப் போடச் சொல்லித்தான் எல்லா இடத்திலும் இருக்கும், நான் மெஷினின் பெயரையும் வருடத்தையும் போடச் சொல்வேன். "வீட்டு டெல் 2024" என்கிற மாதிரி. இரண்டு வருடம் கழித்து கிட்ஹப் அமைப்பில் வரிசையாக நிற்கும் கீகளில் எது எதனுடையது என்று பார்க்கும்போது மின்னஞ்சலால் ஒரு பயனும் இல்லை, எல்லாவற்றிலும் ஒரே மின்னஞ்சல்தான் இருக்கும். வகையைப் பொறுத்தவரை, இடி25519 ஓபன்எஸ்எஸ்எச்சுக்குள் வந்தது 2014இல். 2023இல் வந்த 9.5 பதிப்பிலிருந்து வகை சொல்லாவிட்டாலும் அதுவே வரும். பழைய ஆர்எஸ்ஏ வகைக் கீயின் பப்ளிக் பகுதி பல வரிக்கு நீளும். இதில் கீ மட்டும் 68 எழுத்துதான், ஒரே வரியில் அடங்கிவிடும், காப்பி எடுக்கும்போது பாதியில் அறுந்துபோகும் தொல்லையும் குறைவு. டிஎஸ்ஏ என்று ஒன்று பழைய பாடக்குறிப்புகளில் இன்னும் இருக்கும், அதைத் தொடவே வேண்டாம், கிட்ஹப் அதை 2022லேயே கைவிட்டுவிட்டது.

அடுத்து பாஸ்ஃப்ரேஸ், அதாவது இந்தக் கீ ஃபைலைப் பூட்டும் ரகசியச் சொல், கேட்கும். இங்கேதான் எல்லோரும் என்டர் என்டர் என்று தட்டிவிட்டுப் போகிறார்கள். தயவுசெய்து கொடுங்கள். பாஸ்ஃப்ரேஸ் இல்லாத பிரைவேட் கீ டிஸ்க்கில் திறந்தபடி கிடக்கிறது, லேப்டாப்பைப் பழுதுபார்க்கக் கொடுக்கும்போது ஹார்ட் டிஸ்க்கைக் கழற்றி வேறொன்றில் மாட்டினால் அப்படியே படிக்கலாம். மலை ஊரில் லேப்டாப் பழுதானால் மேட்டுப்பாளையத்துக்கோ கோவைக்கோ அனுப்பிவிட்டு வாரக்கணக்கில் காத்திருப்பது எங்களுக்கு வழக்கம், அத்தனை நாளும் அது யார் மேஜையில் இருக்கிறது என்று நமக்குத் தெரியாது. பாஸ்ஃப்ரேஸ் இருந்தால் ஃபைலே குறியாக்கம் செய்யப்பட்டுக் கிடக்கும், எடுத்தவருக்கு உடனே உதவாது. அந்த இடைவெளியில் நீங்கள் போனிலிருந்தே கிட்ஹப்புக்குள் போய் அந்தக் கீயை நீக்கிவிடலாம்.

ஒவ்வொரு புஷ்ஷுக்கும் பாஸ்ஃப்ரேஸ் அடிக்க வேண்டுமா என்றால், வேண்டாம். எஸ்எஸ்எச்-ஏஜென்ட் என்று ஒன்று பின்னணியில் ஓடும், காலையில் ஒரு முறை கொடுத்தால் மெஷினை அணைக்கும்வரை அது நினைவில் வைத்துக்கொள்ளும். உபுண்டுவிலும் மேக்கிலும் இது அதிகம் கேள்வி கேட்காமல் நடந்துவிடும். விண்டோஸில்தான் சிக்கல். விண்டோஸோடு வரும் ஏஜென்ட் சேவை முதலில் முடக்கப்பட்ட நிலையில் இருக்கும், சர்வீசஸுக்குள் போய் இயக்க வேண்டும். அப்புறம் விண்டோஸில் கிட்டோடு வரும் கிட் பாஷ் டெர்மினல் தனக்கென்று வேறொரு எஸ்எஸ்எச்சைக் கொண்டுவருகிறது, அது விண்டோஸ் ஏஜென்ட்டோடு பேசாது, அதனால் ஏஜென்ட்டில் கீ இருந்தும் மறுபடி மறுபடி பாஸ்ஃப்ரேஸ் கேட்கும். கிட் அமைப்பில் கோர் டாட் எஸ்எஸ்எச்கமாண்ட் என்பதற்கு விண்டோஸின் எஸ்எஸ்எச் இருக்கும் பாதையைக் கொடுத்தால் சரியாகிவிடும். இதில் வெறுத்துப்போய்த்தான் பாதிப்பேர் பாஸ்ஃப்ரேஸை எடுத்துவிடுகிறார்கள். ஏற்கெனவே பாஸ்ஃப்ரேஸ் இல்லாமல் உருவாக்கியிருந்தாலும் எஸ்எஸ்எச்-கீஜென்னுக்கு -பி கொடுத்து இப்போது சேர்த்துக்கொள்ளலாம், கீ மாறாது, கிட்ஹப்பில் எதையும் மாற்ற வேண்டியதில்லை.

பென் டிரைவில் கீயைக் கொண்டுவந்து புதிய லேப்டாப்பில் போடுகிறவர்களுக்கு ஒரு எச்சரிக்கை வரும், பார்த்திருப்பீர்கள். கட்டம் கட்டி, பெரிய எழுத்தில், பாதுகாப்பில்லாத பிரைவேட் கீ ஃபைல், அனுமதி மிகவும் திறந்திருக்கிறது, இந்தக் கீயை ஒதுக்குகிறேன் என்று சொல்லும். பென் டிரைவ்களில் பெரும்பாலும் இருக்கும் ஃபைல் அமைப்புக்கு லினக்ஸின் அனுமதிகளே தெரியாது, அதனால் அதன் வழியாக வரும் ஃபைல் எல்லோரும் படிக்கலாம் என்ற நிலையில் வந்து நிற்கும். இணையத்தில் தேடினால் சிஎச்மாட் 600 கொடு (உரிமையாளர் மட்டும் படிக்கலாம் என்று மாற்று) என்று விடை கிடைக்கும், கொடுத்தால் வேலையும் செய்யும். ஆனால் என்னைக் கேட்டால் அந்த எச்சரிக்கையைப் பார்த்த இடத்திலேயே நிறுத்திவிட்டு, கொண்டுவந்த கீயை அழித்துவிட்டு, புதிய மெஷினில் புதிதாக ஒன்று உருவாக்குவதுதான் சரி. ஒரு கீ ஊர் சுற்றி வந்திருக்கிறது என்பதற்கான அடையாளம் அது. அந்தப் பென் டிரைவில் அதன் நகல் இன்னும் இருக்கும், நாளைக்கு அதே பென் டிரைவ் ஜெராக்ஸ் கடைக் கம்ப்யூட்டரில் சொருகப்படும்.

முதல் முறை இணைக்கும்போது இன்னொரு கேள்வி வரும். இந்த சர்வர் யாரென்று எனக்குத் தெரியாது, அதன் கைரேகை இது, தொடரலாமா என்று. எல்லோரும் எஸ் என்று அடிக்கிறோம். அந்தக் கைரேகையை கிட்ஹப் தன் உதவிப் பக்கத்திலேயே போட்டு வைத்திருக்கிறது, அங்கிருந்து எடுத்து எஸ் என்பதற்குப் பதில் அதையே ஒட்டினால் இரண்டும் ஒன்றா என்று எஸ்எஸ்எச் தானே ஒப்பிட்டுப் பார்த்துக்கொள்ளும். நாம் யாரென்று சர்வருக்குச் சொல்வதுபோல் சர்வர் யாரென்று நாமும் பார்க்க வேண்டும் அல்லவா.

இது எவ்வளவு பெரிய விஷயம் என்பது 2023 மார்ச் 24 அன்று தெரிந்தது. கிட்ஹப்பின் சொந்த ஆர்எஸ்ஏ பிரைவேட் கீ, அதாவது நான்தான் கிட்ஹப் என்று நிரூபிக்க அது பயன்படுத்தும் கீ, ஒரு பொது ரெப்போவில் கொஞ்ச நேரம் வெளியே தெரியும்படி இருந்துவிட்டது. அதை உடனே மாற்றினார்கள். அந்தப் பழைய ஆர்எஸ்ஏ அடையாளத்தைச் சேமித்து வைத்திருந்த மெஷின்களில் எல்லாம், எதிரே இருப்பவரின் அடையாளம் மாறிவிட்டது, யாரோ நடுவில் புகுந்திருக்கலாம் என்று மிரட்டலான எச்சரிக்கை வந்தது. இடி25519 அடையாளத்தை வைத்திருந்தவர்களுக்கு எதுவும் ஆகவில்லை, அந்தக் கீ மாறவில்லை. எச்சரிக்கை வந்தவர்கள் எஸ்எஸ்எச்-கீஜென்னுக்கு பெரிய ஆர் கொடுத்து பழைய வரியை நீக்கிவிட்டு, புதிய கைரேகையைச் சரிபார்த்துச் சேர்க்க வேண்டியிருந்தது. அவ்வளவு பெரிய நிறுவனத்திலேயே பிரைவேட் கீ இருக்க வேண்டிய இடத்தை விட்டு நகர்ந்துவிட்டது, நகர்ந்தது தெரிந்ததும் அவர்கள் செய்ததும் அதை வீசிவிட்டுப் புதிதாக ஒன்று வைத்ததுதான். வேறு மருந்து கிடையாது.

இனி வேலையிடக் கணக்கு ஒன்று, சொந்தக் கணக்கு ஒன்று என்று ஒரே லேப்டாப்பில் வைத்திருப்பவர்களுக்கு. இங்கே ஒரு மெஷினுக்கு ஒரு கீ என்பது, ஒரு மெஷினில் ஒரு கணக்குக்கு ஒரு கீ என்று ஆகும். ஒரே பப்ளிக் கீயை கிட்ஹப்பில் இரண்டு கணக்கில் சேர்க்க முடியாது, ஏற்கெனவே பயன்பாட்டில் இருக்கிறது என்று சொல்லிவிடும். காரணம் மேலே சொன்னதுதான், கீதான் ஆள். இரண்டு கீ வைத்துக்கொண்டவுடன் ஒரு விசித்திரமான தொல்லை வரும், இதற்காகவே என்னிடம் அதிகம் பேர் வருகிறார்கள். புல் செய்தால், அதாவது ரெப்போவிலிருந்து புதிய மாற்றங்களை இறக்கினால், "ரெப்போசிட்டரி நாட் ஃபவுண்ட்" என்று வரும். ரெப்போவைப் பிரவுசரில் திறந்தால் இருக்கிறது. உரிமை இருக்கிறது. கீயும் சேர்த்தாகிவிட்டது. பெயரில் எழுத்துப் பிழை இருக்கிறதா என்று தேடித் தேடி ஒரு மதியமே போய்விடும்.

நடப்பது என்னவென்றால், ஏஜென்ட்டில் இரண்டு கீயும் இருக்கும்போது எஸ்எஸ்எச் அவற்றை வரிசையாக நீட்டும். முதலில் நீட்டியது உங்கள் சொந்தக் கணக்கின் கீயாக இருந்தால், கிட்ஹப் அதை அடையாளம் கண்டு, சரி, இவர் இன்னார் என்று உள்ளே விட்டுவிடும். இரண்டாவது கீயைப் பார்க்கவே பார்க்காது. உள்ளே போன பிறகுதான் எந்த ரெப்போ வேண்டும் என்ற கேள்வியே வருகிறது, அந்தச் சொந்தக் கணக்குக்கு அலுவலக ரெப்போவில் உரிமை இல்லை. உரிமை இல்லை என்று சொன்னால் அப்படி ஒரு ரெப்போ இருப்பது வெளியாகிவிடும் என்பதால் இல்லவே இல்லை என்று சொல்கிறது. இதை உறுதி செய்ய ஒரு வழி: எஸ்எஸ்எச்சுக்கு பெரிய டி கொடுத்து கிட்ஹப்புக்கு இணையுங்கள், ஹாய் என்று ஒரு பெயரைச் சொல்லி வணக்கம் வைக்கும். அது நீங்கள் எதிர்பார்த்த பெயரா என்று பாருங்கள். அப்புறம் டாட் எஸ்எஸ்எச் ஃபோல்டரில் இருக்கும் கான்ஃபிக் ஃபைலில் இரண்டு ஹோஸ்ட் பகுதி எழுதுங்கள். ஒன்றுக்கு கிட்ஹப்-ஆபீஸ் என்று நீங்களே ஒரு பெயர் வைத்து, ஹோஸ்ட்நேம் என்பதில் உண்மையான கிட்ஹப் முகவரி, ஐடென்டிட்டிஃபைல் என்பதில் அந்தக் கீயின் பாதை, கூடவே மறக்காமல் ஐடென்டிட்டீஸ்ஒன்லி எஸ். அந்தக் கடைசி வரி இல்லாவிட்டால் நீங்கள் குறிப்பிட்ட கீயோடு ஏஜென்ட்டில் இருப்பதையும் சேர்த்து நீட்டும், மறுபடி அதே கதைதான். பிறகு அலுவலக ரெப்போவின் ரிமோட் முகவரியில் கிட்ஹப் டாட் காம் என்பதை கிட்ஹப்-ஆபீஸ் என்று மாற்றிவிட்டால் முடிந்தது.

மலையில் இருப்பவர்களுக்கான விஷயம் ஒன்று இருக்கிறது. ஐப்பசி கார்த்திகையில் குன்னூர், கோத்தகிரிப் பக்கம் மழை பிடித்தால் மரம் விழுந்து ஃபைபர் அறுந்துவிடும், கூடலூர் பந்தலூர்ப் பக்கம் ஆடியிலேயே அந்தக் கதை ஆரம்பித்துவிடும். போன் சிக்னலில் ஹாட்ஸ்பாட் போட்டு உட்கார வேண்டியதுதான், இல்லாவிட்டால் எந்த வைஃபை கிடைக்கிறதோ அங்கே ஓட வேண்டும். விடுதி வைஃபை, கல்லூரி வைஃபை பலவற்றில் போர்ட் 22ஐ அடைத்து வைத்திருப்பார்கள். இணையம் நன்றாக வரும், கிட்ஹப் பக்கம் திறக்கும், புஷ் மட்டும் அசையாமல் நின்று கடைசியில் கனெக்ஷன் டைம்டு அவுட் என்று வரும். கீயில் கோளாறு என்று நினைத்துக் கீயை அழித்துப் புதிதாக உருவாக்குகிறவர்கள் உண்டு. கீக்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை. கீயில் கோளாறு என்றால் பெர்மிஷன் டினைடு என்று வரும், அது வருகிறது என்றால் இணைப்பு போய்ச் சேர்ந்துவிட்டது என்று அர்த்தம். டைம்டு அவுட் என்றால் வாசலுக்கே போகவில்லை. கிட்ஹப் இதற்கென்றே எஸ்எஸ்எச் டாட் கிட்ஹப் டாட் காம் என்ற முகவரியில் போர்ட் 443இல் எஸ்எஸ்எச்சை ஏற்கிறது. சாதாரண இணையப் பக்கங்கள் போகும் போர்ட் அது, அதை யாரும் அடைப்பதில்லை. கான்ஃபிக் ஃபைலில் ஹோஸ்ட்நேமையும் போர்ட்டையும் மாற்றினால் போதும், ரெப்போ முகவரிகளைத் தொட வேண்டாம். கிட்ஹப் மாதிரியே இன்னொரு தளமான கிட்லேபுக்கும் ஆல்ட்எஸ்எஸ்எச் என்று தொடங்கும் இதே மாதிரி முகவரி உண்டு.

சிக்னல் விட்டு விட்டு வரும் இடத்தில் இன்னும் சில வரிகள் உதவும். சர்வர்அலைவ்இன்டர்வல் என்று முப்பது வினாடி போட்டு வைத்தால், அறுந்துபோன இணைப்பைப் பிடித்துக்கொண்டு டெர்மினல் கல்லாய் நிற்பது குறையும். கன்ட்ரோல்மாஸ்டர், கன்ட்ரோல்பெர்சிஸ்ட் இரண்டையும் போட்டால் ஒரு முறை ஏற்படுத்திய இணைப்பையே அடுத்த புல், அடுத்த புஷ்ஷுக்கும் பயன்படுத்திக்கொள்ளும், ஒவ்வொரு முறையும் புதிதாகக் கைகுலுக்க வேண்டியதில்லை. மெதுவான இணைப்பில் வித்தியாசம் நன்றாகவே தெரியும், ஆனால் விண்டோஸோடு வரும் எஸ்எஸ்எச்சில் இது கிடையாது. பெரிய ரெப்போவைக் குளோன் செய்யும்போது (முதல் முறை முழுதாக இறக்கும்போது) பாதியில் அறுந்தால் கிட் விட்ட இடத்திலிருந்து தொடராது, முதலிலிருந்துதான். அதனால் டெப்த் 1 கொடுத்துக் கடைசிக் கமிட்டை மட்டும் முதலில் எடுத்துக்கொண்டு, இணைப்பு நன்றாக இருக்கும் இரவில் ஃபெட்ச்சுக்கு டீப்பன் கொடுத்துக் கொஞ்சம் கொஞ்சமாகப் பழைய வரலாற்றை இறக்குங்கள்.

முன்பு வேலை பார்த்த ஒரு இடத்தில் குழு முழுவதற்கும் ஒரே கீ. புதிதாக யார் சேர்ந்தாலும் முதல் நாள் அந்த ஃபைல் மின்னஞ்சலில் வரும். ஒருவர் வேலையை விட்டுப் போனார், அவரிடமும் அந்தக் கீ இருந்தது, எல்லோருக்கும் அது தெரியும். ஆனால் அதை நீக்கினால் எல்லோருடைய வேலையும் நிற்கும், சர்வர்களும் நிற்கும் என்பதால் யாரும் நீக்கவில்லை. அவர் நல்ல மனிதர், எதுவும் செய்யவில்லை. ஆனால் அது அவருடைய நல்ல குணத்தை நம்பி நின்ற ஏற்பாடு. நான் இவ்வளவு வற்புறுத்திச் சொல்வதற்கு அந்த நாட்கள்தான் காரணம். பகிர்ந்த கீயை நீக்கவே முடியாது. தனித்தனிக் கீ என்றால் ஒருவருடையதை எடுத்துவிடலாம், மற்றவர்களுக்குத் தெரியக்கூடத் தெரியாது.

சர்வருக்கும் அப்படித்தான். எங்கள் தேயிலைக் கணக்கு ஓடும் சர்வர் ரெப்போவிலிருந்து புதிய பதிப்பை இழுத்துக்கொள்ள வேண்டும், அதற்காக யாருடைய சொந்தக் கீயையும் அங்கே வைக்கவில்லை. சர்வரிலேயே ஒரு கீ உருவாக்கி, அதன் பப்ளிக் பகுதியை அந்த ரெப்போவின் அமைப்பில் டிப்ளாய் கீ என்ற இடத்தில் சேர்த்தோம். ரெப்போவுக்குக் கீ கிடையாது என்று மேலே சொன்னதற்கு இது ஒரு விதிவிலக்கு. அது அந்த ஒரு ரெப்போவை மட்டும் திறக்கும், எழுதும் உரிமையை நாமாகக் கொடுத்தால் ஒழிய படிக்க மட்டுமே முடியும். சர்வரை யாராவது உடைத்து உள்ளே வந்தாலும் ரெப்போவில் ஒரு எழுத்தை மாற்ற முடியாது.

பழைய கீகளைக் களைவது பற்றியும் சொல்லிவிடுகிறேன். 2008 மே மாதம் டெபியன் என்ற லினக்ஸ் வகையில் ஒரு பெரிய குறை வெளியே வந்தது. 2006இல் அதில் இருக்கும் ஓபன்எஸ்எஸ்எல் என்ற குறியாக்க மென்பொருளில் செய்த ஒரு சின்ன மாற்றத்தால், கீ உருவாக்கத் தேவையான தற்செயல் எண்கள் தற்செயலாக வரவே இல்லை. ஒரு வகைக்கு, ஒரு அளவுக்கு முப்பத்திரண்டாயிரத்துச் சொச்சம் கீகள்தான் உருவாக முடியும் என்று ஆகியிருந்தது, மொத்தத்தையும் முன்கூட்டியே கணக்கிட்டு வைத்துக்கொண்டு ஒவ்வொன்றாக முயன்று பார்க்கலாம். உடனே திருத்தினார்கள், அந்தக் காலத்தில் உருவான கீகளை எல்லாம் மாற்றச் சொன்னார்கள். ஏழு வருடம் கழித்து, 2015இல் பென் காக்ஸ் என்பவர் கிட்ஹப்பில் இருக்கும் பப்ளிக் கீகளைத் திரட்டிப் பார்த்தார். யாருடைய கிட்ஹப் முகவரிக்குப் பின்னாலும் டாட் கீஸ் என்று சேர்த்தால் அவருடைய பப்ளிக் கீகள் தெரியும், அது மறைவானது அல்ல. பதிமூன்று லட்சத்துக்கும் மேல் திரட்டியதில், அந்த 2008 குறையோடு பிறந்த கீகள் இன்னும் உயிரோடு கணக்குகளில் இருந்தன. கிட்ஹப் பிறகு அவற்றை நீக்கியது. அந்தக் கீகளை லேப்டாப் மாறியபோதெல்லாம் யாரோ கூடவே தூக்கிக்கொண்டு வந்திருப்பார்கள் என்று நினைக்கிறேன். மெஷினோடு கீயும் போய்விட வேண்டும் என்று நான் சொல்வது இதனால்தான்.

கிட்ஹப் ஒரு வருடமாகப் பயன்படாத கீயைத் தானே நீக்கிவிடுகிறது. கிட்லேபில் சேர்க்கும்போதே காலாவதித் தேதி வைக்கலாம், வையுங்கள். எங்கள் குழுவில் மாதக் கணக்கு முடிக்கும் நாளில் ஆளுக்கு ஒரு முறை தங்கள் கீப் பட்டியலைத் திறந்து பார்க்கிறோம், ஒவ்வொரு கீக்கும் பக்கத்தில் கடைசியாக எப்போது பயன்பட்டது என்று இருக்கும். கையில் இல்லாத மெஷினின் பெயர் அதில் தெரிந்தால் அங்கேயே எடுத்துவிடுகிறோம். பக்கத்து வீட்டுப் பெண் போன மாதம் புதிய லேப்டாப் வாங்கினாள். பழையதைத் தம்பிக்குக் கொடுப்பதற்கு முன்னால் அதன் கீயைப் பட்டியலிலிருந்து எடுத்துவிட்டு, புதியதில் ஒன்று உருவாக்கி, முதல் புஷ் செய்துவிட்டுத்தான் என்னிடம் சொன்னாள்.